நூல் இல்லாத நாற்காலி

மேடையில் ஒரு மர நாற்காலி மட்டும் கிடந்தது. அதைப் பார்த்து நூற்றிருபது பேர் சிரித்துக்கொண்டிருந்தார்கள். சிரிக்கச் சொன்னவன் கஜபதி. டிவி நிகழ்ச்சிகளுக்கு ஆள் கூட்டி வருகிறவன். செங்குன்றம் பக்கத்திலிருந்து இரண்டு பஸ் நிறைய ஏற்றி வந்து, பளிச்சென்று சேலை கட்டியவர்களை முன்னாலும் வழுக்கைத் தலைகளைப் பின்னாலும் மாற்றி உட்கார வைத்து, விசிலும் கையுமாகக் கேமராவுக்குக் கீழே நின்றான். ஒரு தடவை ஊதினால் புன்னகை. இரண்டு ஊதினால் வாய்விட்டு. மூன்று ஊதினால் பக்கத்து ஆள் தோளைத் தட்டி, கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரிக்க வேண்டும். சிரிப்பை முதலில் எடுத்து வைத்துவிடுவார்கள். தமாஷ் அப்புறம் வரும், வந்தபிறகு எங்கே வேண்டுமோ அங்கே வெட்டி ஒட்டிக்கொள்ளலாம். அதையும் பிரியாணிப் பொட்டலம் பிரிப்பதற்கு முன்னாலேயே எடுத்துவிட வேண்டும், வயிறு நிரம்பிவிட்டால் ஒருத்தரும் சிரிக்கமாட்டார்கள், கொட்டாவிதான் விடுவார்கள். இந்த வழக்கத்தை யார் கொண்டுவந்தது என்று கேட்டால் தணிகாசலம்தான், முப்பது வருஷத்துக்கு முந்தி. அந்தத் தணிகாசலம்தான் இப்போது மானிட்டருக்குப் பின்னால் ஹெட்போனை மாட்டிக்கொண்டு, காலையில் தின்ற மெதுவடை எண்ணெயாக நெஞ்சில் ஏறி நிற்க, அத்தனை சிரிப்பையும் காதுக்குள் வாங்கிக்கொண்டிருந்தார். தூரத்தில் கேட்டால்தான் சிரிப்பு சிரிப்பாக இருக்கும் போலிருக்கிறது. காதுக்குள் கேட்டால் அது எச்சில் சத்தம், தொண்டைச் சளி புரளுகிற சத்தம், பல்செட் ஆடுகிற சத்தம். மூன்றாவது வரிசையில் ஒரு பெண்பிள்ளை ஒவ்வொரு சிரிப்புக்கும் கடைசியில் ஐயோ அம்மா என்று ஒரு மூச்சு விட்டாள், அது மட்டும்தான் அங்கே நிஜம்.

நாற்காலியைப் பார்க்கக் கூடாது என்றுதான் மானிட்டரைப் பார்த்தார். மானிட்டரிலும் நாற்காலிதான் இருந்தது. தேக்கு நிறத்துக்குப் பாலிஷ் போட்ட சாதாரண மர நாற்காலி, கை கிடையாது, முதுகில் மூன்று பட்டை. இடது பின்காலை முக்கால் பங்கு ரம்பத்தால் அறுத்து, வெட்டு தெரியாமல் மெழுகு பூசியிருக்கிறார்கள். அது தணிகாசலத்துக்குத் தெரியும். சேனலிலிருந்து வந்திருக்கிற யாமினிக்குத் தெரியும். அறுத்த ஆளுக்குத் தெரியும். உட்காரப்போகிற நடிகை மரகதத்துக்குத் தெரியாது. தெரியக் கூடாது என்பதுதான் ஏற்பாடு. யாமினி நேற்று சாயங்காலம் போனில் சொன்னாள். நல்ல பெண், மரியாதை தெரிந்த பெண், அதுதான் சங்கடம், கெட்டவளாக இருந்தால் திட்டிவிட்டுப் போயிருக்கலாம். அவங்களுக்குத் தெரிஞ்சிருந்தா முகத்துல வந்துடும் சார், இப்பல்லாம் ஜனங்க கண்டுபிடிச்சிடறாங்க, நிஜமா விழணும், நிஜமா திகைக்கணும், அப்புறம் நீங்க மேடைக்குப் போய்க் கையைக் குடுத்துத் தூக்குங்க, பழைய ரசிகருங்க அழுதுடுவாங்க, கம்பளத்துக்கு அடியில மேட் போட்டிருக்கோம். அவரும் சரிம்மா என்றார். அதற்கு ஒரு நொடிகூட ஆகவில்லை. அறுபத்தெட்டு வயசு ஆளுக்கு மாடிப்படி ஏற ஐந்து நிமிஷம் ஆகிறது, சட்டைப் பித்தான் போட இரண்டு நிமிஷம் ஆகிறது, சரிம்மா என்று சொல்வதற்கு மட்டும் ஒரு நொடி. ஒன்பது வருஷமாக வீட்டில் சும்மா இருக்கிறார். அவருடைய பழைய டிவி தொடருக்காக எடுக்கிற இந்தச் சிறப்பு நிகழ்ச்சி எடுபட்டால் ஞாயிற்றுக்கிழமை அரைமணி நேரம் தருவார்களாம், திரையில் எழுத்து இயக்கம் தயாரிப்பு தணிகாசலம் என்று மறுபடியும் ஓடும். மூன்று வார்த்தைக்கு அப்புறம் ஒரு பேர். அதற்கு இத்தனை பசி. வலது மணிக்கட்டில் திருத்தணியில் கட்டிவந்த சிவப்புக் கயிறு வேர்வையில் ஊறி அரித்தது. குளிர் மிஷின் ஓடுகிற இடத்தில் வேர்வை எங்கிருந்து வருகிறது. கயிற்றுக்கு அடியில் விரலை விட்டுச் சொறிந்தார். கஜபதி இரண்டு விசில் ஊதினான்.

இந்த நாற்காலித் தமாஷை எழுதியது தணிகாசலம் என்றுதான் ஊரெல்லாம் பேச்சு. அவரே எத்தனையோ பேட்டியில் சொல்லியிருக்கிறார். உண்மை என்னவென்றால் அவர் அதை எழுதவே இல்லை. பெரம்பூர் ரயில்பெட்டித் தொழிற்சாலையில் மத்தியானச் சாப்பாட்டு வேளையில் மேஸ்திரி மாதிரி திக்கித் திக்கிப் பேசிக்காட்டிப் பேர் வாங்கியவர், அப்படியே நாடகம், அப்படியே டிவி. மேஸ்திரி ஒருநாள் கதவுக்குப் பின்னாலிருந்து கேட்டுவிட்டு, டிபன் பாக்ஸை மூடிக்கொண்டு போனார். அந்த மூடி டக்கென்று விழுந்த சத்தம் இந்தச் சிரிப்புக்கு நடுவிலும் இப்போது கேட்டது. ‘பூசணிக்கா வீடு’ தொடர் ஆரம்பித்தபோது பார்வதி வேஷத்துக்கு ஒரு பருத்த பெண் வேண்டும் என்று தேடி, ஒரு சபா நாடகத்தில் மரகதத்தைப் பிடித்தார். அவளுக்கு அப்போது முப்பது, முப்பத்தொன்று இருக்கும். நாடகத்தில் வக்கீலாக வந்து, ஒரு வசனத்தை எங்கே நிறுத்தினால் ஜனங்கள் மூச்சை அடக்குவார்கள் என்று தெரிந்து அங்கே நிறுத்தினாள். அதையெல்லாம் பார்த்துவிட்டு அவர் கேட்ட ஒரே கேள்வி, எவ்வளவு எடைம்மா இருப்பீங்க. ஆறாவது வாரம் வாடகைக் கடையிலிருந்து வந்த ஒரு நாற்காலி அவள் உட்கார்ந்ததும் நிஜமாகவே முறிந்தது. அவள் மல்லாந்து விழுந்தாள், சேலை முட்டிக்கு மேலே ஏறிவிட்டது, லைட் பிடிக்கிறவன் முதல் மேக்கப் ஆள் வரைக்கும் சிரித்தார்கள், தணிகாசலமும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார், கேமரா ஓடிக்கொண்டே இருந்தது. அவள் ஒரு கையால் சேலையை இழுத்து மூடி, இன்னொரு கையால் முறிந்த நாற்காலிக் காலைத் தடவிக்கொடுத்து, “அதைத் திட்டாதீங்க. சின்னப் புள்ள. எலும்பு இன்னும் முத்தலை” என்றாள். அழுகை தொண்டைவரைக்கும் வந்துவிட்ட ஒருத்தி அதை அப்படியே தமாஷாகத் திருப்பிப்போட்டாள். அடுத்த வாரம் மூட்டை மூட்டையாகக் கடிதாசு வந்தது. அதற்கடுத்த வாரத்திலிருந்து நாற்காலியை அறுத்தார்கள். ஸ்டூல், பெஞ்சு, ஊஞ்சல், கல்யாண மணை என்று வாரத்துக்கு ஒன்றாக முந்நூறு வாரம். அந்த வசனத்தைத்தான் அவர் பேரோடு சேர்த்து இன்னமும் சொல்கிறார்கள், போன மாதம் மருந்துக்கடையில்கூட ஒருத்தர் சொல்லிக் கையைக் குலுக்கினார். இவரும் பல்லைக் காட்டிக் கையைக் கொடுத்தார். யாரோ ஒருவர் வாயிலிருந்ததைப் பிடுங்கி முப்பது வருஷமாக மென்று, இன்னும் துப்பவில்லை.

நூல் சமாச்சாரமும் அவருடையது இல்லை. முதல் தடவை அறுத்த நாற்காலியில் எந்தப் பக்கம் சாயும் என்று தெரியாமல் அவள் விழுந்து முழங்கை வீங்கிப்போனது. தச்சர் ஏகாம்பரம் அதைப் பார்த்தார். வாய் பேசாத மனுஷர். அடுத்த வாரம் அறுத்த காலின் உள்பக்கத்தில், கேமராவுக்குத் தெரியாத இடத்தில், ஒரு சிவப்பு நூல் சுற்றி வைத்திருந்தார். மரகதம் குனிந்து பார்த்தாள், நூல் இருக்கிற பக்கம் சாயாமல் எதிர்ப்பக்கம் புரண்டாள், ஒரு கீறல் கிடையாது. அன்றிலிருந்து அது பழக்கமாகிவிட்டது. நூல் இருந்தால் உடையும், நூல் இல்லாவிட்டால் உட்காரலாம். ஏகாம்பரம் செத்துப்போய்ப் பதினோரு வருஷம் ஆகிறது. அந்தப் பழக்கம் இன்றைக்கு மரகதத்துக்கும் தணிகாசலத்துக்கும் மட்டும்தான் தெரியும். யாமினிக்கு நூல் என்று ஒன்று உண்டு என்பதே தெரியாது. நூல் கட்டாமல் விட்டது, பாவம், அவளுக்குத் தெரியாமலே அவள் செய்திருக்கிற காரியம். தெரிந்தவர் இவர். சாதாரண ஆளாவது அறுத்த நாற்காலி என்று சந்தேகப்பட்டு உஷாராக உட்காருவான். மரகதம் குனிவாள், நூல் இல்லை என்று பார்ப்பாள், நம்பி முழு எடையையும் கொடுப்பாள். அவள் எடையா. அவளுக்கு இப்போது என்ன எடை இருக்கிறது. சர்க்கரை வந்து உருகி ஐம்பது கிலோவுக்கு வந்துவிட்டாள். பூசணிப் பார்வதி வேண்டுமென்று உள்ளே இரண்டு பஞ்சுத் திண்டைக் கட்டி, மேலே பெரிய ஜாக்கெட் தைத்திருக்கிறார்கள். பஞ்சு முன்னாலும் பக்கத்திலும்தான். பின்பக்கம் நாடாதான் இருக்கிறது. பின்பக்கம்தான் விழுவாள்.

அதைவிட ஒன்று இருக்கிறது. அதைத்தான் அவர் காலையிலிருந்து நினைக்காமல் இருக்கப் பார்த்தார், சட்டைப் பையில் உடைந்த கண்ணாடித்துண்டு கிடக்கிற மாதிரி கை போகும்போதெல்லாம் குத்திற்று. போன வருஷம் மரகதம் குளியலறையில் வழுக்கி இடுப்பெலும்பு விட்டுப்போய்த் தகடு வைத்திருக்கிறார்கள். இந்த நிகழ்ச்சிக்குக் கூப்பிட்டபோது இவரிடம்தான் சொன்னாள், சேனலுக்குத் தெரிஞ்சா வேண்டாம்னுடுவாங்க சார், சொல்லிடாதீங்க, வீட்டுக்குள்ளயே கிடந்து எனக்குப் பேச்சே மறந்துபோச்சு, ஒரே ஒருநாள் லைட்டு வெளிச்சத்துல நின்னுட்டு வந்துடறேன். சொல்லமாட்டேன் என்று வாக்குக் கொடுத்தார். ஆக அவள் ரகசியம் யாமினியிடம் போகாமல் இவர் வைத்திருக்கிறார், யாமினி ரகசியம் அவளிடம் போகாமலும் இவரே வைத்திருக்கிறார். இரண்டுக்கும் நடுவில் கதவு மாதிரி நிற்கிறார். எந்தப் பக்கம் திறந்தாலும் மரகதம் பிழைப்பாள், ஆனால் யாமினியிடம் தகட்டைச் சொன்னால் மரகதத்தை இந்த நிமிஷமே காரில் ஏற்றி வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள், அவள் முகத்தை அப்புறம் எப்படிப் பார்ப்பது, மரகதத்திடம் நாற்காலியைச் சொன்னால் யாமினி முகம் சுருங்கும், ஞாயிற்றுக்கிழமை அரைமணி நேரம் போகும். பார்த்தாயா, அவள் முகத்துக்காக என்று ஆரம்பித்து எங்கே வந்து முடிகிறது பார், என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். காலையில் மேக்கப் அறையில் அவள் கேட்டாள். கண்ணாடி வழியாகப் பார்த்துக்கொண்டு, பஞ்சுத் திண்டை மடியில் குழந்தை மாதிரி வைத்துக்கொண்டு கேட்டாள். “இன்னைக்கு நாற்காலி உடையாதில்ல சார்?” அவர் உடையாதும்மா என்றார். அதற்கும் ஒரு நொடிதான். சொல்லிவிட்டு வெளியே வந்து ஒரு வடை தின்றார். யாராவது நம்புவார்களா, வடை தின்றார், சட்னி இன்னும் கொஞ்சம் கேட்டு வாங்கித் தின்றார்.

மூன்று விசில். கண்ணைத் துடைக்கிற சிரிப்பு. வழுக்கைத்தலை ஒருத்தர் நிஜமாகவே கண்ணீர் வரவழைத்துவிட்டார், கஜபதி அவரைப் பார்த்துக் கட்டைவிரலைத் தூக்கிக் காட்டினான், அவருக்குப் பெருமை தாங்கவில்லை. தணிகாசலத்தின் மகன் கல்யாணத்தில் நடந்தது ஞாபகத்துக்கு வந்தது. பந்தியில் எல்லாரும் உட்கார்ந்தார்கள், மரகதம் மட்டும் நாற்காலியைப் பிடித்து, உள்ளங்கையால் பலகையை ஒரு அமுக்கு அமுக்கி, குனிந்து பின்காலைப் பார்த்துவிட்டு உட்கார்ந்தாள். வேண்டுமென்று செய்யவில்லை, கை தானாகச் செய்தது. அந்தப் பந்தியே சிரித்தது, அவளும் ஏதோ சொல்லிச் சமாளித்தாள். அப்புறம் அவள் புருஷன் இறந்த ஆஸ்பத்திரியில், பிணவறைக்கு வெளியே, சிமெண்டு பெஞ்சில் உட்காருவதற்கு முன்னால் கையை வைத்து அமுக்கினாள். சிமெண்டை. ரெண்டு நர்சுகள் அவளை அடையாளம் கண்டு வாயைப் பொத்திக்கொண்டார்கள். தணிகாசலம் பக்கத்தில்தான் நின்றார். அன்றைக்கு அவருக்கு என்ன தோன்றியது தெரியுமா, இதை ஒரு வாரத்துத் தமாஷாக வைக்கலாமே என்று தோன்றியது. அடுத்தவனுக்குக் கஷ்டம் வந்தால் மனசுக்குள் பேனா திறந்துகொள்கிற பிறவி. இப்போதும் இடுப்பு முறிகிற சத்தம் எப்படி இருக்கும், கால் முறிகிற சத்தத்தோடு சேர்ந்து வருமா பின்னால் வருமா, பின்னால் வந்தால் நடுவில் எத்தனை நொடி விட்டால் நன்றாக இருக்கும் என்றுகூட மனசு கணக்குப்போட்டுவிட்டது. சே, இது என்ன மண்டை. இதைக் கழற்றி எங்கேயாவது வைத்துவிட்டுப் போக முடிந்தால் தேவலை. எழுந்து போய்ச் சொல்லிவிடலாம். இருபது அடிதான் மேக்கப் அறை. அடுத்த விசிலுக்கு எழுந்திருக்கலாம் என்று நினைத்தார். அடுத்த விசில் வந்தது. இல்லை, இந்தச் சிரிப்பு முடியட்டும், நடுவில் எழுந்தால் ஒலிப்பதிவுக்காரன் திட்டுவான். அந்தச் சிரிப்பும் முடிந்தது.

கஜபதி விசிலைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு, போதும், எல்லாம் எடுத்தாச்சு, இனிமே யாரும் மூச்சு விடக் கூடாது, அம்மா பேசறது பதிவாகணும் என்றான். நூற்றிருபது வாயும் குழாயை மூடினது மாதிரி மூடிக்கொண்டன. மரகதம் பக்கத் திரை மறைவிலிருந்து வந்தாள். கழுத்துக்குக் கீழே பழைய பார்வதி, கழுத்துக்கு மேலே வற்றிப்போன ஒரு முகம். பூசணிமேல் சுண்டைக்காயை வைத்த மாதிரி என்று மனசு உடனே சொல்லிற்று, அவர் நாக்கைக் கடித்துக்கொண்டார். இடதுகாலைக் கொஞ்சம் இழுத்து நடந்தாள், தகட்டுப் பக்கம். மற்றவர்களுக்கு அது நடிப்பாகத் தெரிந்திருக்கும். நாற்காலிக்குப் பின்னால் போனாள். ஒரு கையை முட்டியில் ஊன்றி, மெதுவாகக் குனிந்து, பின்கால்களைப் பார்த்தாள். வலது. இடது. பலகையில் உள்ளங்கையை வைத்து அமுக்கினாள். நிமிர்ந்து, லைட் கூசுகிறதென்று நெற்றியில் கையை மறைவாக வைத்து, இருட்டுக்குள் அவரைத் தேடினாள். “நூல் இல்லை சார். அப்ப உக்காரலாம்ல?”

யாமினி பக்கத்தில் குனிந்து, சொல்லுங்க சார், கேமரா ஓடுது என்று கிசுகிசுத்தாள். உக்காருங்கம்மா என்பது அவர் வாயில் தயாராக இருந்தது. நாக்கு நுனியில் அதன் ருசிகூடத் தெரிந்தது, அந்த வடையின் ருசிதான். அவர் எழுந்தது அவருக்கே தெரியவில்லை, ஹெட்போன் வயர் கழுத்தை இழுத்தபோதுதான் தெரிந்தது. அதைப் பிடுங்கி எறிந்துவிட்டு, மேடையின் இரண்டு படியைக் கையை ஊன்றி ஏறி, நாற்காலிக்குப் பின்னால் போய் முட்டி போட்டார். எலும்பு சொடக்கிற்று. மணிக்கட்டுக் கயிற்றில் முடிச்சு அவிழவில்லை. பல்லால் கடித்து இழுத்தார். வேர்வையும் பழைய குங்குமமும் வாய்க்குள் வந்தது. கயிறு அறுந்தது. இடது பின்காலில், மெழுகு பூசின இடத்துக்கு மேலே, உள்பக்கமாகச் சுற்றினார். இரண்டு தடவை முடிச்சு நழுவிற்று. மூன்றாவது தடவை நின்றது. மரகதம் தலைக்கு மேலே நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். அவர் நிமிரவில்லை.

“எப்பலேர்ந்து தெரியும் சார்?”

“நேத்து சாயங்காலம்.”

“காலையில கேட்டேனே.”

“கேட்டீங்க.”

அந்த நாடகத்தில் வக்கீலாக வந்தபோது நிறுத்தினாளே, அந்த மாதிரி நிறுத்தினாள், முழுக் கூடமும் மூச்சை அடக்கிற்று. தணிகாசலம் தரையைப் பார்த்துக்கொண்டே இருந்தார். கம்பளத்துக்கு அடியில் மேட் இருக்கிற இடம் லேசாக மேடுதட்டித் தெரிந்தது, விரல் கனம்கூட இல்லை. யாமினி நிறுத்துங்கள் என்று சொல்லவில்லை. கேமராவின் சிவப்பு விளக்கு அணையவில்லை.

“எந்திரிங்க, முட்டி நோகும்” என்றாள் மரகதம். குரலில் கோபம் இல்லை, அதுதான் அவருக்குத் தாங்கவில்லை. கையைக் கொடுத்துத் தூக்கிவிட்டாள். அந்தக் கையைக் கொடுப்பது இன்றைக்கு அவர் வேலையாக எழுதியிருந்தது. பிறகு நாற்காலியை முதுகுப் பட்டையில் பிடித்து, பூனைக்குட்டியைத் தூக்கி வைக்கிற மாதிரி பதனமாகத் திருப்பி, அவருக்கு நேராக வைத்தாள். “முந்நூறு வாரம் நான் உக்காந்தாச்சு. இன்னைக்கு நீங்க உக்காருங்க சார். உடையறப்போ வலதுபக்கம் புரளணும். முழங்கையை மட்டும் ஊனிடாதீங்க. பயப்படாதீங்க, பக்கத்துலயே நிக்கறேன்.”

யாரும் சிரிக்கவில்லை. சிரிப்பைத்தான் ஏற்கெனவே எடுத்தாயிற்றே. கஜபதி பையிலிருந்த விசிலை எடுக்கவா வேண்டாமா என்று யாமினியைப் பார்த்தான், வழுக்கைத்தலைக்காரர் கஜபதியைப் பார்த்தார். மூன்றாவது வரிசைப் பெண்பிள்ளை ஐயோ அம்மா என்று ஒரு மூச்சு விட்டாள். தணிகாசலம் நாற்காலிக்கு முதுகைக் காட்டித் திரும்பி, வேஷ்டியை ஒதுக்கினார். உட்காருவதற்கு முன்னால் அவர் கை தானாகப் பின்னால் போய், பலகையை ஒரு அமுக்கு அமுக்கிப் பார்த்தது.